கூத்து மேடையை விட்டுவிட்டு கூத்துத் தொழிலைப் படமெடுங்கள்: தர்மபுரி, கிருஷ்ணகிரியில் ஆவணப்படம் எடுக்க ஒரு முழுமையான வழிகாட்டி

தெருக்கூத்து பற்றி வரும் ஆவணப்படங்கள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் தொடங்குகின்றன. ஒருவர் கண்ணாடி பார்த்து அரிதாரம் பூசுவார். பின்னால் புல்லாங்குழல் சோகமாக ஊதும். "அழிந்து வரும் கலை" என்று ஒரு கனத்த குரல் சொல்லும். படம் முடிந்த பிறகும் அந்த மனிதருக்கு அன்றைய ராத்திரி எவ்வளவு கிடைத்தது, யார் கொடுத்தார்கள், வேன் வாடகை யார் தலையில் விழுந்தது என்று நமக்கு ஒன்றும் தெரியாது.

கூத்து ஒரு கலை, சரி. அது ஒரு தொழிலும்கூட. பேரம், அச்சாரம், கூலி, கடன், போட்டி எல்லாம் அதில் உண்டு. பம்பை மேளம், ஆடல் பாடல், மைக் செட், மூடிக் கிடக்கும் சினிமா தியேட்டர் எல்லாவற்றுக்கும் இதே கதைதான். கேளிக்கைத் தொழிலைப் பற்றிப் படமெடுக்க வந்தவர் மேடையின் அழகில் மயங்கிவிட்டால் தொழில் கண்ணில் படாமலே போய்விடும். நம் பக்கத்தில் எளிதாகக் கிடைப்பது கூத்து என்பதால் அதையே எடுத்துக்காட்டாக வைத்துக்கொள்கிறேன். முறை எல்லாவற்றுக்கும் பொதுதான்.

1. முதலில் நாலு படம் பாருங்கள்

2016-இல் வந்த 'தி சினிமா டிராவலர்ஸ்' மகாராஷ்டிரத்தில் ஊர் ஊராகக் கூடாரம் போட்டுப் படம் காட்டுகிறவர்களைப் பற்றியது. கான் விழாவில் சிறப்புப் பாராட்டு பெற்றது. அதில் புரொஜெக்டர் பழுது பார்க்கும் ஒரு முதியவர் வருகிறார். படத்தின் உயிரே அவர்தான், திரையில் ஓடும் சினிமா இல்லை. மீரா நாயர் 1985-இல் எடுத்த 'இந்தியா காபரே' பம்பாய் நடனப் பெண்களை மேடையில் காட்டுவதோடு நிற்காமல் அவர்கள் வீடு வரைக்கும் போகிறது. 'சூப்பர்மென் ஆஃப் மாலேகான்' விசைத்தறி ஊர் ஒன்றில் காசே இல்லாமல் சினிமா எடுக்கும் ஆட்களைச் சொல்கிறது. சிரித்துக்கொண்டே பார்க்கலாம். பெரிய பாடகர்களுக்குப் பின்னால் நின்று கோரஸ் பாடியவர்களைப் பற்றிய '20 ஃபீட் ஃப்ரம் ஸ்டார்டம்' ஆஸ்கர் வாங்கியது.

நாலிலும் கேமரா நட்சத்திரத்தை விட்டு ரெண்டு அடி தள்ளி நிற்பதைக் கவனியுங்கள். அந்த ரெண்டு அடிக்காகத்தான் இவற்றைப் பார்க்கச் சொல்கிறேன்.

2. பணத்தில் முடியும் ஒரு கேள்வியைப் பிடியுங்கள்

"கூத்தின் வரலாறு", "கூத்தின் இன்றைய நிலை" என்றெல்லாம் தலைப்பு வைத்தால் ஒரு காட்சியும் தேறாது. கேள்வி சின்னதாக, பதிலைப் படமாகக் காட்டக் கூடியதாக இருக்க வேண்டும். சில கேள்விகள்:

ஒரு ராத்திரிக்குப் பேசிய தொகை எத்தனை கை மாறி, எப்படிப் பிரிகிறது? பெங்களூரில் கட்டட வேலை செய்கிறவர் கூத்துக்காக லீவு போட்டு ஊருக்கு வந்தால் லாபமா நஷ்டமா? பெண் வேஷம் கட்டிவந்த ஆண்களின் இடத்துக்குப் பெண்களே வந்தபோது யார் பிழைப்பு மாறியது? ஒரே திருவிழாவில் ஒரு நாள் கூத்து, மறுநாள் ஆடல் பாடல் என்றால் எதற்கு எவ்வளவு ஒதுக்குகிறார்கள், அதை யார் முடிவு செய்கிறார்கள்?

இதில் ஒன்றை எடுத்துக்கொண்டால் போதும். நான் முதல் கேள்வியைத்தான் எடுப்பேன். அதற்குத் தொடக்கமும் முடிவும் தானாகவே இருக்கின்றன. வெற்றிலை பாக்கு மாற்றும் நாளில் ஆரம்பித்து, விடிகாலையில் பணம் பிரிக்கும்போது முடியும்.

3. காலத்தைக் கணக்குப் போடுங்கள்

பொங்கல் கழிந்தால் திருவிழாக்கள் சூடுபிடிக்கும். மாசியில் காவேரிப்பட்டணம் மயானக் கொள்ளை. பங்குனி, சித்திரை, வைகாசியில் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம். பாரதம் நடக்கும் ஊரில் பகலில் பிரசங்கம், ராத்திரி கூத்து, கடைசியில் துரியோதனன் படுகளமும் தீமிதியும். பிரசங்கி, கூத்துக் குழு, மைக் செட், பந்தல், ராட்டினம், வீடியோக்காரர் என்று ஆளுக்கு ஒரு ஒப்பந்தம் அந்த நாட்களுக்குள் ஓடிக்கொண்டிருக்கும். தொழிலாகப் பார்க்க இதைவிட நல்ல இடம் இல்லை.

புதிதாக வருகிறவர்கள் நேரே திருவிழாவுக்குப் போய் இறங்குகிறார்கள். அப்போது குழுவை நடத்தும் கூத்து வாத்தியாருக்கு உங்களோடு பேச நேரம் இருக்காது. ஐப்பசி, கார்த்திகை மழையில் ஆட்டம் இல்லாத நாட்களில் போய்ப் பழகுங்கள். தை மாதம் அச்சாரம் பேச ஊர்க்காரர்கள் வரும்போது நீங்கள் ஏற்கெனவே அந்த வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருக்க வேண்டும். அச்சாரக் காட்சியைத் தவறவிட்டால் அடுத்த தை வரை காத்திருக்க வேண்டியதுதான். ஆகவே ஒரு படத்துக்கு ஒரு வருடம் என்று மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

4. மூன்று இடத்தில் அனுமதி

குழுவிடம், ஊரிடம், கோயிலிடம். வரிசையும் இதுவேதான்.

வாத்தியாரைப் பார்க்கப் போகும் முதல் நாள் கேமரா வேண்டாம். என்ன எடுக்கப் போகிறீர்கள் என்பதை மறைக்காமல் சொல்லுங்கள். பேச்சு அநேகமாக இப்படிப் போகும்:

"நாங்க ஆடறதத்தானே எடுப்பீங்க?"

"அதும் எடுப்பேங்கண்ணா. நீங்க ஊர்க்காரங்ககிட்ட ரேட்டு பேசறது, வேன்ல தூங்கறது, காலைல காசு பிரிக்கறது, அதையும் எடுக்கணும்."

"அதெல்லாம் எதுக்குங்க?"

இந்தக் கேள்விக்கு நேர்மையாகப் பதில் சொல்ல முடியாவிட்டால் படமும் நேர்மையாக வராது. ரேட்டு வெளியே தெரிந்தால் அடுத்த ஊரில் பேரம் குறையும் என்பது அவருடைய நியாயமான பயம். தொகையைப் படத்தில் மறைக்கலாம், பங்கு எப்படிப் பிரிகிறது என்பதை மட்டும் காட்டலாம், அந்த சீசன் முடிந்த பிறகே வெளியிடலாம். இந்த மூன்றையும் நீங்களே முன்வந்து சொல்லுங்கள்.

ஊர் என்றால் ஊர்க் கவுண்டர், தர்மகர்த்தா, விழாக் குழு இளைஞர்கள். இளைஞர்களை விட்டுவிடாதீர்கள், ராத்திரி ரெண்டு மணிக்கு உங்களுக்கு பிளக் பாயிண்ட் கொடுக்கப்போவது அவர்கள்தான். அறநிலையத் துறை கோயிலாக இருந்தால் செயல் அலுவலருக்கு எழுத்தில் ஒரு மனு கொடுங்கள். கருவறைப் பக்கம் கேமராவைத் திருப்பவே வேண்டாம்.

ஒலிபெருக்கி விஷயம் ஒன்று இருக்கிறது. 2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகளின்படி ராத்திரி 10 மணி முதல் காலை 6 மணி வரை திறந்தவெளியில் ஒலிபெருக்கிக்குத் தடை. விழாக்களுக்காக நள்ளிரவு 12 வரை தளர்த்த மாநில அரசுக்கு அதிகாரம் உண்டு, அதுவும் வருடத்துக்கு 15 நாளுக்கு மேல் கூடாது. கூத்தோ விடிய விடிய நடப்பது. ஆகவே காவல் நிலைய அனுமதிக்கு விழாக் குழு அலைவது படத்தில் இருக்க வேண்டிய காட்சி. அதே நேரம், 12 மணிக்கு மேல் மைக் ஓடியதைத் தேதி, மணியோடு பதிவு செய்து வெளியிட்டால் அது அந்த ஊருக்கு எதிரான சாட்சியாகிவிடலாம். இதை ஊர்ப் பெரியவர்களிடம் முன்கூட்டியே பேசி, எது படத்தில் வரும், எது வராது என்று முடிவு செய்யுங்கள்.

5. ஒப்புதல் கடிதமும் கூலியும்

ஒப்புதல் கடிதம் ஒரே பக்கம், தமிழில். என்ன படம், எங்கெல்லாம் காட்டப்படும், பணம் வந்தால் யாருக்கு, எது வரை ஒப்புதலைத் திரும்பப் பெறலாம் என்ற நாலு விஷயம் போதும். எடிட்டிங் முடிவாகும் வரை யார் வேண்டுமானாலும் "என் பகுதியை எடுத்துவிடு" என்று சொல்லலாம் என எழுதுங்கள். கடிதத்தைச் சத்தமாக வாசித்துக் காட்டி, அதையும் கேமராவில் பதிந்துகொள்ளுங்கள். இது மரியாதைக்காக மட்டும் இல்லை. பதிப்புரிமைச் சட்டத்தின் 38-ஆம் பிரிவு நிகழ்த்துகிற கலைஞருக்குத் தனி உரிமை தருகிறது, 50 வருடத்துக்கு. அவர் சம்மதம் இல்லாமல் ஆட்டத்தைப் பதிவு செய்வது அந்த உரிமையை மீறுவதாகும்.

ஆவணப்படத்தில் வருகிறவருக்குக் காசு கொடுக்கக் கூடாது என்று சினிமாப் பள்ளிகளில் சொல்லித் தருவார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. தினக்கூலிக்காரர் ஒரு நாள் முழுக்க உங்களோடு உட்கார்ந்தால் அன்றைய கூலி போச்சு. அதை ஈடுகட்டுங்கள், எல்லோருக்கும் ஒரே தொகை, குழு முன்னிலையில். அவர் என்ன பேசுகிறார் என்பதற்கும் அந்தக் காசுக்கும் சம்பந்தம் இல்லை என்பது தெளிவாக இருக்க வேண்டும். ஆட்டத்தின் நடுவே மேடையேறி அன்பளிப்பு என்று நோட்டைக் குத்துவது மட்டும் வேண்டாம். கூத்தை அறிவித்து நடத்தும் கோமாளியான கட்டியங்காரன் உங்கள் பெயரை மைக்கில் சொல்லிவிடுவார், அப்புறம் ஊர் முழுக்க உங்களைத்தான் பார்க்கும்.

வேஷம் கட்டும் இடம் அநேகமாகப் பள்ளிக்கூடத் தாழ்வாரம் அல்லது மேடைக்குப் பின்னால் தட்டி மறைப்பு. அங்கே ஆட்கள் உடை மாற்றுவார்கள். சிலர் ஆட்டத்துக்கு முன் கொஞ்சம் குடித்திருக்கலாம். யாருக்கு எந்த டம்ளரில் டீ வருகிறது என்பதில் சாதியும் தெரியலாம். இதில் முதல் ரெண்டை எடுக்காதீர்கள். மூன்றாவதை எடுக்க வேண்டும் என்று நினைத்தால் சம்பந்தப்பட்டவரிடம் தனியாகக் கேட்டு, அவருக்கு எடுத்ததைக் காட்டி, அப்புறம் முடிவு செய்யுங்கள். படம் எடுத்துவிட்டு நீங்கள் போய்விடுவீர்கள், அவர் அந்த ஊருக்கே மறுபடி ஆடப்போக வேண்டும்.

6. விடிய விடியப் படப்பிடிப்பு

*வெளிச்சம்.* நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். டியூப் லைட்டும் மட்டமான எல்இடி ஃபோகஸும் விநாடிக்கு 100 முறை மினுக்கும். ஆகவே விநாடிக்கு 25 ஃபிரேமில், ஷட்டர் 1/50-இல் எடுங்கள். 24 ஃபிரேம் சினிமா மாதிரி இருக்கும் என்று ஆசைப்பட்டால் திரை முழுக்கப் பட்டை ஓடும் அபாயம் உண்டு. வொயிட் பேலன்ஸை (கேமராவின் நிற அமைப்பு) ஆட்டோவில் விடாமல் ஒரே இடத்தில் நிறுத்துங்கள். சீரியல் செட் நிறம் மாறும்போதெல்லாம் ஆட்டோ தானும் மாறி முகங்களைப் பச்சையாக்கிவிடும். நீங்கள் தனியாக லைட் கொண்டுபோகாதீர்கள். கிரீடத்திலும் புஜக்கட்டையிலும் உள்ள கண்ணாடித் துண்டுகள் அந்த ஊர் வெளிச்சத்தில் மின்னுவதற்காகவே ஒட்டியவை.

*ஒலி.* பார்வையாளர் தரம் குறைந்த படத்தைப் பொறுத்துக்கொள்வார், இரைச்சலைப் பொறுக்க மாட்டார். கேமரா மைக்கை நம்பினால் கூம்பு ஸ்பீக்கர் அலறல் மட்டும்தான் கிடைக்கும். மைக் செட் அண்ணனிடம் சாயங்காலமே பேசி மிக்சரிலிருந்து ஒரு லைன் வாங்கி சின்ன ரெக்கார்டரில் போடுங்கள். உச்ச அளவு மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாமல் வையுங்கள், ராத்திரி போகப் போக அவர் வால்யூமைக் கூட்டிக்கொண்டே போவார். ரெக்கார்டரில் இரட்டைப் பதிவு வசதி இருந்தால் இன்னொன்றை இன்னும் தாழ்வாகப் பதியுங்கள். தனியாக ஒரு மைக் பார்வையாளர் நடுவே இருக்கட்டும். அர்ச்சுனன் தபசுக் கம்பம் ஏறும்போது பாட்டிகள் போடும் குலவையை மிக்சர் லைன் தராது.

*சேமிப்பு.* விநாடிக்கு 50 மெகாபிட் தரத்தில் ஒரு மணி நேரத்துக்கு ஏறத்தாழ 22 ஜிபி. ராத்திரி 10 முதல் காலை 6 வரை நிறுத்தாமல் ஓட்டினால் 180 ஜிபி. 100 மெகாபிட் என்றால் அது ரெட்டிப்பு. எப்போதும் ரெண்டு நகல், ரெண்டும் ஒரே பையில் இருக்கக் கூடாது. ஆனால் எட்டு மணி நேரமும் ஓட்ட வேண்டிய அவசியமே இல்லை. முழு ஆட்டத்தையும் உள்ளூர் வீடியோக்காரர் எப்படியும் எடுப்பார். நீங்கள் கேமராவைத் திருப்ப வேண்டிய பக்கம் வேறு: அடுத்த காட்சி வரை மிருதங்கப் பெட்டி மேல் தலைவைத்துத் தூங்குகிறவர், மூன்று மணிக்கு செல்போனில் "காலைல வேலைக்கு வந்துடறேன் சார்" என்கிறவர், அன்பளிப்பு நோட்டுகளை ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதுகிறவர், ஆள் குறைந்ததும் கடையைக் கட்டும் பஜ்ஜிக்காரம்மா.

தேன்கனிக்கோட்டை, தளி பக்கம் தை மாசியில் பனி இறங்கும். வெளியே குளிர்ந்த லென்சை நேரே காரின் சூட்டுக்குள் கொண்டுபோனால் அதில் ஈரம் படிந்துவிடும். பையில் மூடி எடுத்துப்போய், அரை மணி கழித்துத் திறங்கள். பேச்சில் தெலுங்கும் கன்னடமும் கலந்து வரும், அதைத் திருத்தச் சொல்லாதீர்கள்.

7. பேட்டி

"கலைக்கு மரியாதை இருக்கிறதா?" என்று கேட்டால் "இல்லைங்க" என்று ஒரு பெருமூச்சு வரும், அவ்வளவுதான். அவர் அந்தப் பதிலைப் பத்து பேரிடம் ஏற்கெனவே சொல்லியிருப்பார். இப்படிக் கேட்டுப் பாருங்கள்: கடைசியாக ஆடியது எந்த ஊர்? யார் வந்து கூப்பிட்டார்கள்? முதலில் எவ்வளவு சொன்னீர்கள், எதில் முடிந்தது? டீசல் யார் போட்டது? கர்ணன் வேஷத்துக்கும் சேவகன் வேஷத்துக்கும் பங்கு ஒன்றா? ஆர்மோனியம் வாசிப்பவர் இன்னொரு குழுவுக்குப் போய்விட்டால் என்ன செய்வீர்கள்? நாட்டுப்புறக் கலைஞர் நல வாரிய அட்டை இருக்கிறதா, அதில் இதுவரை என்ன கிடைத்தது?

பேட்டி எடுக்கும் இடத்தையும் யோசியுங்கள். மாந்தோப்புக் காவலில் இருப்பவரைத் தோப்பிலும், கட்டட வேலைக்காரரை ஓசூர் பஸ்ஸிலும் வைத்துப் பேசுங்கள். கிரீடம் வைத்துக்கொண்டு உட்கார வைத்துப் பேட்டி எடுப்பது எனக்குப் பிடிக்காத விஷயம். வீட்டு அம்மாவிடம் தனியாகப் பேச மறக்காதீர்கள், சீசன் இல்லாத மாதத்தில் அடகுக் கடைக்குப் போவது யார் என்பது அவருக்குத்தான் தெரியும்.

8. பழைய சரக்கும் அதன் உரிமையும்

விழா நோட்டீஸ்களைத் தேடுங்கள். எந்த வருடம், எந்த ஊர், என்ன நாடகம், யார் யார் நடித்தார்கள், செலவு யாருடைய உபயம் என்று எல்லாம் அந்த ஒரு தாளில் இருக்கும். அச்சகங்களில், வாத்தியார் வீட்டு டிரங்குப் பெட்டியில், கோயில் கணக்குப்பிள்ளை வீட்டில் கிடைக்கும். பழைய விஎச்எஸ் கேசட் கிடைத்தால் பூஞ்சை பார்த்துவிட்டுத்தான் ஓட்ட வேண்டும்.

ஸ்டுடியோ போட்டோ பற்றி ஒரு பயனுள்ள தகவல்: காசு கொடுத்து எடுக்கச் சொன்ன படம் என்றால், வேறு ஒப்பந்தம் இல்லாதபோது அதன் முதல் உரிமையாளர் எடுக்கச் சொன்னவர்தான். பத்திரிகையில் வந்த படம் அப்படி இல்லை, அங்கே கேட்டே ஆக வேண்டும்.

தியேட்டர் பற்றிப் படமெடுப்பவர்களுக்கு ஆட்சியர் அலுவலகம் ஒரு புதையல். தியேட்டர் நடத்தும் 'சி ஃபார்ம்' உரிமம் அங்கேதான் தரப்படுகிறது. தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு மனுப் போட்டால் 30 நாளில் பதில் வர வேண்டும். ஒன்றை நினைவில் வையுங்கள். தர்மபுரி 1965-இல் சேலத்திலிருந்தும், கிருஷ்ணகிரி 2004-இல் தர்மபுரியிலிருந்தும் பிரிந்தவை. பழைய கோப்பு வேறு ஊரில் இருக்கலாம். பழைய ஆபரேட்டர்களிடம் ரீல் மாற்றுவதைப் பற்றிக் கேளுங்கள். 2000 அடி ரீல் ஒன்று 22 நிமிடத்தில் ஓடி முடிந்துவிடும். கண்ணும் காதும் எப்போதும் மிஷினில் இருந்த வேலை அது, டிஜிட்டல் வந்ததும் ஒரே அடியில் போனது.

சினிமாப் பாட்டுதான் பெரிய தலைவலி. கூத்து தொடங்கும் முன் மைக் செட்டில் ஓடும், ஆர்மோனியக்காரர் நடுவே வாசிப்பார், கோமாளி பாடுவார். நயன்தாரா பற்றி நெட்ஃபிளிக்ஸில் 2024 நவம்பரில் வந்த ஆவணப்படத்தை நினைத்துக்கொள்ளுங்கள். படப்பிடிப்புத் தளத்தில் எடுத்த சில விநாடிக் காட்சிக்காகத் தயாரிப்பாளர் தனுஷ் தரப்பு 10 கோடி ரூபாய் கேட்டு நோட்டீஸ் அனுப்பி, விவகாரம் சென்னை உயர் நீதிமன்றம் வரை போனது. பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு விமர்சனத்துக்கும் ஆய்வுக்கும் நியாயமான அளவில் பயன்படுத்த இடம் தருகிறது. ஆனால் எத்தனை விநாடி என்று எண் எதுவும் அதில் இல்லை, "10 விநாடி வரை இலவசம்" என்பது வெறும் வதந்தி. படப்பிடிப்பிலேயே பாட்டு ஓடும் நேரத்தில் முக்கியமான பேச்சை எடுக்காமல் இருப்பதுதான் சுலபமான வழி. பழைய படத் துண்டு வேண்டுமென்றால், படத்துக்கு வெளியான வருடம் முடிந்து 60 வருடம் பதிப்புரிமை. 1960-இல் வந்த படத்துக்கு 2020 கடைசியோடு அது முடிந்தது. அதில் உள்ள பாடல் வரிகளுக்கு எழுதியவர் இறந்த பிறகு 60 வருடம் என்பதால் பாட்டுக் காட்சியைத் தனியாகப் பாருங்கள்.

9. எடிட்டிங்

எல்லாப் பேச்சையும் பேசியபடியே எழுதி எடுங்கள், "வந்துட்டுப் போனாங்கோ" என்றால் அப்படியே. தாளில் வெட்டி ஒட்டி வரிசை பார்த்த பிறகு கம்ப்யூட்டரில் உட்காருங்கள். கூத்துக் காட்சி எவ்வளவு வைப்பது என்று சண்டை வரும். என் கணக்கு: அரை மணிப் படத்தில் மேடை ஐந்து நிமிடத்துக்கு மேல் போனால் அதிகம். புல்லாங்குழல் வேண்டாம். பின்னணிக் குரலும் வேண்டாம், இடத்தையும் மாதத்தையும் எழுத்தில் போட்டால் போதும்.

பணம் பிரிக்கும் காட்சியை மட்டும் வெட்டாமல் நீளமாக விடுங்கள். யார் எண்ணுகிறார், யார் வாங்கியதும் எண்ணாமல் பையில் வைக்கிறார், யார் முகம் சுளிக்கிறார் என்பதெல்லாம் அந்த நீளத்தில்தான் தெரியும்.

10. காட்டுவது

முதல் திரையிடல் குழுவுக்கும் அவர்கள் குடும்பத்துக்கும் மட்டும். அதில் வரும் ஆட்சேபத்தைச் சரி செய்த பிறகு ஊருக்கு. அதே மேடையில் வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டிக் காட்டலாம். மைக் செட்டுக்கு அதே அண்ணனைக் கூப்பிட்டுக் கூலி கொடுங்கள்.

தியேட்டரிலோ பொதுவிலோ காட்டத் தணிக்கைச் சான்றிதழ் தேவை, கட்டணம் வாங்காவிட்டாலும். திரைப்பட விழாக்கள் தங்களுக்கான விலக்கை ஒன்றிய அரசிடம் தாங்களே வாங்கிக்கொள்ளும். ரெண்டு வருடத்துக்கு ஒரு முறை நடக்கும் மும்பை சர்வதேசத் திரைப்பட விழாவும், திருவனந்தபுரத்தில் கேரளம் நடத்தும் ஆவணப்பட விழாவும் நமக்குப் பொருத்தமானவை. பல விழாக்கள் யூடியூபில் ஏற்கெனவே வந்த படத்தை எடுப்பதில்லை. விதிகளைப் படித்துவிட்டு, விழாக்களை முடித்துக்கொண்டு அப்புறம் ஏற்றுங்கள்.

யூடியூபில் போடும்போது ஒன்று. முழு ராத்திரி ஆட்டத்தை எடுத்து ஏற்றி விளம்பரக் காசு பார்க்கும் சேனல்கள் நிறைய இருக்கின்றன. ஆடியவர்களுக்கு அதில் பங்கு வருகிறதா என்று உங்கள் குழுவிடமே கேட்டுப் பாருங்கள், அந்தப் பதிலும் படத்தில் சேர வேண்டியதுதான். உங்களிடம் இருக்கும் வெட்டாத பதிவு முழுவதையும் ஒரு ஹார்டு டிஸ்கில் போட்டு வாத்தியாரிடம் கொடுத்துவிடுங்கள். அதை ஏற்றுவதா, எந்த சேனலில், வரும் காசு எப்படிப் பிரியும் என்பதைக் குழுவே முடிவு செய்துகொள்ளட்டும். உங்கள் படத்துக்கு வருமானம் வந்தால் அதன் பங்கு ஒப்புதல் கடிதத்தில் எழுதியபடி, அடுத்த அச்சார சீசனுக்கு முன்பாகக் கணக்கோடு போய்ச் சேர வேண்டும்.